மேடைக்கு எதிரே நிற்பவர்: கொழும்பில் ஒலியோடு சில நாட்கள்

2024 ஒக்டோபர் 24, வியாழக்கிழமை: மட்டக்களப்பிலிருந்து வெள்ளவத்தைக்கு

எங்கள் ஊரில் சாதாரணதரப் பரீட்சை எழுதி முடித்த பையன் ஒருவன், தான் ஒலிப்பொறியாளனாகவும் இசைத் தயாரிப்பாளனாகவும் ஆகப்போவதாக வீட்டில் சொல்லிவிட்டான். அவனுக்குச் சிறு வயதிலிருந்து வாய்ப்பாட்டுச் சொல்லிக்கொடுத்தவள் நான் என்பதால், அவனுடைய தாயார் என்னிடம் வந்து, அப்படியொரு தொழில் உண்மையிலேயே உண்டா, அதை நம்பி ஒருவன் குடும்பம் நடத்த முடியுமா என்று கேட்டார். கேள்விப்பட்டதை வைத்துப் பதில் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. என்னிடம் படித்த மாணவர் ஒருவர் இருபது ஆண்டுகளாகக் கொழும்பில் இந்த இரண்டு வேலைகளையும் செய்துவருகிறார். தீபாவளிக்கு முந்திய ஞாயிறன்று அவருக்கு ஒரு பெரிய இசை நிகழ்ச்சி இருந்தது. அதுவரை அவரோடு கூடவே இருந்து பார்க்கலாமா என்று கேட்டேன். "வாங்க ரீச்சர், ஆனா நிறைய நேரம் சும்மா நிக்க வேண்டி வரும்" என்றார்.

உதயதேவி ரயில் பகல் முழுவதும் ஓடியது. மின்னேரியாவுக்கும் கல்ஓயாவுக்கும் இடையிலான காட்டுப் பகுதியில் வண்டி ஊர்ந்தே சென்றது. சில நாட்களுக்கு முன்புதான் அங்கே ரயிலில் மோதி யானைகள் இறந்திருந்ததால், தாமதத்தைப் பற்றிப் பெட்டியில் ஒருவரும் முறையிடவில்லை. பொலன்னறுவையில் ஏறிய சிங்கள முதியவர் ஒருவர் யன்னலோர இருக்கையை எனக்கு விட்டுக்கொடுத்தார். மாகோவில் அவித்த சோளம் வாங்கியபோது கேட்காமலே எனக்கும் ஒன்றை நீட்டினார். தம் கைத்தொலைபேசியில் பழைய பாடல்களைக் கேட்கத் தொடங்கியவர், அடுத்த வரிசையில் குழந்தை உறங்குவதைக் கண்டதும் சத்தத்தைக் குறைத்துத் தொலைபேசியைக் காதோடு வைத்துக்கொண்டார். அந்த மரியாதை எனக்கு மிகவும் பிடித்திருந்தது.

கோட்டை நிலையத்தில் இறங்கியபோது பெருமழை. வாசலில் நின்ற முச்சக்கரவண்டிக்காரர் வெள்ளவத்தைக்கு 1,800 ரூபா கேட்டார்; செயலி வழியாக அழைத்த வண்டி 960 ரூபாவுக்கு வந்தது. காலி வீதியில் தண்ணீர் ஓட, வண்டியின் இரு பக்கத் திரைகளையும் இழுத்துக் கட்டிக்கொண்டு வந்து சேர்ந்தோம். வீதியோரக் கடைகளில் தீபாவளிப் புடைவைக் கூட்டம். நாடாளுமன்றத் தேர்தல் நெருங்குவதால் சந்திக்குச் சந்தி ஒலிபெருக்கி. இடியப்பம், சொதி, தேங்காய்ச் சம்பல், ஒரு முட்டைக் குழம்பு ஆகியவற்றுடன் இரவு உணவு 520 ரூபாவில் முடிந்தது. சொதியில் தேசிப்புளி சற்றுத் தூக்கலாக இருந்தாலும் பயணக் களைப்புக்கு அதுவே நன்றாக இருந்தது.

ஒக்டோபர் 25, வெள்ளிக்கிழமை: மூடிய அறை

அவருடைய ஒலிப்பதிவுக் கூடம் கடலோரத்துக்கும் காலி வீதிக்கும் நடுவே ஒரு மாடிவீட்டின் இரண்டாம் தளத்தில் இருக்கிறது. கூடம் என்று சொன்னாலும் அது இரண்டு சிறிய அறைகள்தான். சுவர்களில் துணி போர்த்திய கனத்த பஞ்சுப் பலகைகளும், மூலைகளில் கூரைவரை எழும்பும் இன்னும் தடித்த பலகைகளும் இருந்தன. தாழ்ந்த சுருதி ஒலி மூலைகளில்தான் தேங்கும் என்றும், அதை அடக்காத அறையில், பதிந்த ஒலிகளைக் கலவை செய்தால் வெளியே போய்க் கேட்கும்போது பாட்டு வேறாக இருக்கும் என்றும் அவர் விளக்கினார். ஒலிவாங்கிக்குப் பக்கத்துச் சுவரில் கரையோர ரயில் நேர அட்டவணை ஒட்டப்பட்டிருந்தது. பாணந்துறைப் பக்கம் போகும் வண்டி ஒவ்வொன்றும் அந்தக் கட்டடத்தை அசைப்பதால், வண்டி வரும் நேரம் பார்த்துப் பதிவை நிறுத்துகிறார்கள். அதே காரணத்துக்காகப் பதிவு நடக்கும்போது குளிரூட்டியையும் அணைத்துவிடுகிறார்கள். பத்து நிமிடத்தில் சட்டை நனைந்துவிட, பாடகர் வெளியே வந்து காற்று வாங்கிவிட்டு மறுபடியும் உள்ளே போகிறார்.

அன்றைய வேலை, கனடாவிலுள்ள ஒரு குடும்பம் தங்கள் மகளின் பூப்புனித நீராட்டு விழாவுக்காகக் கேட்டிருந்த வரவேற்புப் பாடல். கொட்டாஞ்சேனையிலிருந்து வந்த பாடகி ஒரே சரணத்தைப் பலமுறை பாடினார். ஒவ்வொரு தடவையும் நன்றாக அமைந்த சொற்களைக் குறித்துக்கொண்டு, பிறகு அவற்றிலிருந்து ஒரு முழுச் சரணத்தைக் கோத்தெடுத்தார் என் மாணவர். ஒரு சொல்லின் முடிவில் இருந்த மூச்சை வெட்டலாமா என்று உதவியாளர் கேட்டபோது, வெட்டக்கூடாது, அங்கே மூச்சு எடுத்தால்தான் அடுத்த வரி பாடியதாகத் தோன்றும் என்று மறுத்தார். இதைக் கேட்டபோது என்னிடம் அவர் படித்த காலம் வீண்போகவில்லை என்று மகிழ்ந்தேன்.

இசைத் தயாரிப்பாளர் என்பவர் பணம் போடுபவர் என்றுதான் ஊரில் பலர் நினைக்கிறார்கள். இங்கே நான் கண்டது வேறு. பாட்டின் வேகத்தையும் சுருதியையும் தீர்மானிப்பது, எந்த வாத்தியம் எங்கே நுழைய வேண்டும் என்று வகுப்பது, வாத்தியக்காரரை அழைப்பது, பதிவுசெய்வது, தனித்தனியாகப் பதிவான நாற்பது ஐம்பது தடங்களை ஒன்றாகக் கலப்பது, கடைசியில் வெளியிடத்தக்க நிலைக்குக் கொண்டுவருவது எல்லாமே அவர் பொறுப்பு. பெரிய நகரங்களில் நான்கைந்து பேர் பிரித்துச் செய்யும் வேலையைக் கொழும்பில் ஒருவரே செய்தாக வேண்டியிருக்கிறது. பாடலை இயன்றவரை சத்தமாக்கித் தரும்படி வாடிக்கையாளர் கேட்பது வழக்கமாம். யூடியூப் போன்ற தளங்கள் அளவு மீறிய சத்தத்தைத் தாமாகவே குறைத்துவிடுகின்றன என்பதால், நெருக்கி நெருக்கிச் சத்தமாக்கிய பாட்டு அங்கே போய்ச் சேரும்போது சத்தமும் இல்லாமல் உயிரும் இல்லாமல் கேட்கும் என்று இரண்டு மாதிரிகளைப் போட்டுக் காட்டினார். எனக்கே வித்தியாசம் தெளிவாகத் தெரிந்தது.

மதியம் சோற்றுப் பார்சல் வந்தது: மரவள்ளிக்கிழங்கு, பருப்பு, கீரை, ஒரு துண்டு மீன், 450 ரூபா. சாப்பிடும்போது தன் தொழில் வரலாற்றைச் சொன்னார். பதினேழு வயதில் ஓர் ஒலிபெருக்கி வாடகைக் கடையில் கம்பி சுமக்கும் பையனாகச் சேர்ந்தார். திருவிழாக்களில் இரவு முழுவதும் விழித்திருந்து, கம்பி எங்கே அறுந்தது என்று தேடுவதிலிருந்து கற்றார். பின்னர் மாலை வகுப்புகளில் ஒலிப்பதிவு படித்தார். தொழில் நிமிர்ந்து நின்ற காலத்தில் 2019 ஏப்ரல் குண்டுவெடிப்புகள் நிகழ்ந்தன, நிகழ்ச்சிகள் நின்றன. மறு ஆண்டு கொரோனா. 2022இல் நாளுக்கு 13 மணிநேரம்வரை மின்வெட்டு வந்தபோது, மின்சாரம் இருக்கும் நேரத்தில் மின்கலங்களை ஏற்றி வைத்து இரவில் கலவை செய்தார். அவரோடு தொழில் கற்றவர்களில் பலர் வளைகுடாவுக்கும் உல்லாசக் கப்பல்களுக்கும் போய்விட்டார்கள். ரூபா சரிந்த அந்தக் காலத்தில் லண்டனிலிருந்தும் ரொறன்ரோவிலிருந்தும் வந்த சிறு சிறு பாடல் வேலைகள்தான் அவரைத் தாங்கிப்பிடித்தன. மேடை வேலை நின்ற காலத்தில் அறை வேலை இருந்தது. அறையில் வேலை குறையும் மாதங்களில் மேடை தருகிறது. இரண்டையும் கற்றதால்தான் ஊர் திரும்பாமல் இருக்க முடிந்தது என்று அவர் சொன்னதை அன்றிரவே பையனின் தாயாருக்குத் தொலைபேசியில் சொன்னேன். மாத வருமானம் நிலையானதல்ல என்பதையும் மறைக்காமல் சொன்னேன்.

ஒக்டோபர் 26, சனிக்கிழமை: புறக்கோட்டையும் வானொலியும்

காலையில் அவருடைய உதவியாளருடன் புறக்கோட்டைக்குப் போனேன். முதலாம் குறுக்குத் தெரு முழுவதும் மின்னணுச் சாமான்கள். நடைபாதை என்று ஒன்று இருந்தாலும் அதில் நடக்க இடமில்லை. ஒலிவாங்கிக் கம்பிகளின் முனையில் வரும் மூன்று ஊசிக் கேனன் முனைகள், ஈயம், ஒட்டும் நாடா, மின்கலங்கள் ஆகியவற்றை வாங்க வந்திருந்தோம். ஒரு கடையில், 1966இல் ஷூர் நிறுவனம் அறிமுகப்படுத்தி இன்றுவரை உலக மேடைகளில் பாடகர் கையில் இருக்கும் எஸ்.எம். 58 ஒலிவாங்கியை 6,500 ரூபாவுக்குத் தந்தார்கள். அந்தப் பெயர் பொறித்த உண்மையான கருவியின் விலை அதைப்போல் பல மடங்கு. உதவியாளர் தம்பி அதைக் கையில் எடுத்துப் பாரம் பார்த்து, தலையைத் திருகிக் கழற்றி உள்ளே பார்த்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் நன்றி கூறி வைத்துவிட்டார். வெளியே வந்த பிறகுதான், போலி ஒலிவாங்கியில் கூவல் (ஒலிபெருக்கியின் சத்தம் ஒலிவாங்கிக்குள் திரும்பப் புகுந்து எழுப்பும் ஓலம்) சீக்கிரம் எழும், பழி ஒலிக்காரன்மேல் விழும் என்று காரணம் சொன்னார்.

இரண்டாம் குறுக்குத் தெருவில், 1908இல் கட்டத் தொடங்கிய சிவப்புப் பள்ளிவாசலின் சிவப்பு வெள்ளைக் கற்களை மழைத் தூறலில் நின்று பார்த்தேன். பக்கத்துக் கடையில் ஒரு பலூடா, 350 ரூபா. நான் குடை விரிக்கத் தடுமாறியதைக் கண்ட மூட்டை தூக்கும் தொழிலாளி ஒருவர், தோளில் பாரம் இருந்தும் நின்று வழிவிட்டு, "பாத்துப் போங்கம்மா, வழுக்கும்" என்றார்.

பிற்பகலில் சுதந்திர சதுக்கத்துக்கு என்னை அழைத்துப்போகச் சொன்னேன். இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனத்தின் கட்டடத்தை வெளியிலிருந்தாவது பார்க்க வேண்டும் என்பது என் நீண்டகால ஆசை. 1920களின் தொடக்கத்தில், தந்தி அலுவலகத்தின் சிறிய அறையொன்றில், கைப்பற்றப்பட்ட ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பலின் வானொலிப் பாகங்களைக் கொண்டு பொறியாளர்கள் உருவாக்கிய ஒலிபரப்பிதான் இந்த நாட்டில் காற்றின் வழியே இசையை அனுப்பிய முதல் கருவி. எட்வர்ட் ஹார்ப்பர் என்ற தந்திப் பொறியாளர் அதற்குத் தலைமை தாங்கினார். 1925 டிசம்பரில் கொழும்பு வானொலி முறைப்படி தொடங்கியது. நாங்கள் வளர்ந்த காலத்தில் மயில்வாகனன், கே.எஸ். ராஜா, அப்துல் ஹமீத் ஆகியோரின் குரல்கள் கடல் கடந்து தமிழ்நாட்டு வீடுகளிலும் ஒலித்தன. அறிவிப்பாளர்களின் பெயர்கள் எங்களுக்கு மனப்பாடம். அந்தக் குரல்களை அவ்வளவு துலக்கமாக அனுப்பிவைத்த ஒலிப்பதிவாளர் ஒருவரின் பெயர்கூட எனக்குத் தெரியாது. அந்தக் கட்டடத்தின் முன் நின்றபோது அது எனக்குப் பெரும் குறையாகப் பட்டது.

மாலையில் காலிமுகத்திடலில் காற்று பலமாக அடித்தது. இறால் வடை ஒன்று 150 ரூபா, வெங்காயமும் மிளகாய்த்தூளும் போட்டுத் தந்தார்கள். எண்ணெய் பழையது, இரண்டாவது வாங்கவில்லை.

ஒக்டோபர் 27, ஞாயிற்றுக்கிழமை: நிகழ்ச்சி

நிகழ்ச்சி மாலை 6 மணிக்கு, நகரின் தென்பகுதியில் மாடியுள்ள ஒரு மண்டபத்தில். காலை 10 மணிக்கே மண்டபம் திறந்திருக்கும் என்று ஏற்பாட்டாளர்கள் உறுதி சொல்லியிருந்தார்கள். நாங்கள் லொறியோடு போய் நின்றபோது உள்ளே ஒரு கல்யாணம் நடந்துகொண்டிருந்தது. மண்டபத்தை இரண்டு வேளைக்கு இரண்டு பேருக்குக் கொடுத்திருக்கிறார்கள். கல்யாண வீட்டார் எங்களைப் பார்த்து இரக்கப்பட்டு, லொறிக்கருகில் நின்ற அத்தனை பேருக்கும் பலகாரமும் கோப்பியும் அனுப்பினார்கள். மண்டபம் எங்கள் கைக்கு வந்தபோது மணி 2.20.

அதன்பின் நடந்ததை விரிவாகவே எழுத விரும்புகிறேன், ஏனென்றால் பார்வையாளர்களில் ஒருவரும் இதைப் பார்ப்பதில்லை. என் மாணவர் பெட்டிகளைத் திறக்கும் முன்பு மின்சாரத்தை அளந்தார். 230 வோல்ட் இருக்க வேண்டிய இடத்தில் 208 இருந்தது. மேடையோரச் சுவர்த் தொடுப்பில் நிலத்தொடர்பு (எர்த்) இல்லை. நிலத்தொடர்பு கெட்டால் ஒலிபெருக்கியில் 50 ஹேர்ட்ஸ் இரைச்சல் எழும். அதைவிட முக்கியமாக, கித்தார் கம்பியில் ஒரு கையும் ஒலிவாங்கியில் வாயும் வைத்திருப்பவரின் உடம்பில் மின்சாரம் பாயக்கூடும். இரைச்சலைப் போக்க நிலத்தொடர்பை வெட்டிவிடும் பழக்கம் சிலரிடம் உண்டென்றும், அது ஆளைக் கொல்லும் பழக்கமென்றும் கடுமையாகச் சொன்னார். ஒலிக்கருவிகள் அனைத்துக்கும் மின்பிறப்பாக்கியிலிருந்து தனிக் கம்பி இழுத்து, நிலத்தில் செப்புக் கோல் அடித்தார்கள். மின்விளக்குகளுக்கு மட்டும் மண்டபத்து மின்சாரம். இதற்கே ஒரு மணிநேரம் போனது.

அடுத்த சிக்கல் மேசை. ஒலிக்கலவை மேசை சபையின் நடுவில், இரு ஒலிபெருக்கிகளும் சமமாகக் கேட்கும் இடத்தில் இருக்க வேண்டும். அந்த இடத்து நாற்காலிகளை அதிக விலைக்கு விற்றுவிட்டதாகவும், மேசையை மாடியின் கீழே மூலையில் போடும்படியும் ஏற்பாட்டாளர் சொன்னார். மூலையில் தாழ்ந்த ஒலி கூடிக் கேட்கும். அங்கே நிற்பவர் அதை நம்பிக் குறைத்தால் முன்வரிசைக்கு மிருதங்கத்தின் தாழ்ந்த ஒலிப் பக்கமான தொப்பி இல்லாமலே போய்விடும். இதை அவர் கோபமில்லாமல், ஆனால் விட்டுக்கொடுக்காமல் விளக்கினார். ஏற்பாட்டாளரை மூலைக்குக் கூட்டிச்சென்று ஒரு பாட்டைக் கேட்கவைத்து, பிறகு நடுவிடத்துக்குக் கூட்டிவந்து அதையே கேட்கவைத்தார். நான்கு நாற்காலிகள் பின்வரிசைக்கு மாற்றப்பட்டன.

மாடியின் அடியில் இருப்பவர்களுக்கெனத் தனிச் சிறு ஒலிபெருக்கிகள் வைத்தார்கள். அவை மேடைப் பெட்டிகளிலிருந்து 17 மீற்றர் பின்னால் இருந்தன. ஒலி விநாடிக்கு ஏறத்தாழ 345 மீற்றர் செல்லும் என்பதால், மேடையின் ஒலி அங்கே வந்துசேர 49 மில்லிவிநாடி ஆகும். சிறு பெட்டிகளை அதற்கேற்பத் தாமதிக்கவிடாவிட்டால் பின்வரிசைக்கு ஒரே சொல் இரண்டாகக் கேட்கும். அவர் 49க்கு மேல் இன்னும் 10 சேர்த்தார். முதலில் வந்துசேரும் ஒலியின் திசையையே நம் காது நம்புகிறது. ஆகவே பக்கத்திலுள்ள பெட்டி பேசினாலும் பாட்டு மேடையிலிருந்து வருவதாகவே தோன்றும். நான் பின்னால் போய் உட்கார்ந்து கேட்டேன். தலைக்கு மேல் இருந்த பெட்டி வேலை செய்கிறதா என்றே சந்தேகமாக இருந்தது. அணைக்கச் சொன்னபோதுதான் அதன் உதவி விளங்கியது. காரைதீவில் பிறந்த விபுலானந்த அடிகள் சுருதிகளை எண்ணாகக் கணித்து யாழை ஆராய்ந்தவர்; இசையும் கணிதமும் ஒருவரிடத்தில் கூடியிருப்பதை எங்கள் மண் முன்பே கண்டிருக்கிறது என்று எனக்குப் பெருமையாக இருந்தது.

மிருதங்கத்துக்கு உயர்ந்த ஒலிப் பக்கமான வலந்தலையில் ஒன்று, தொப்பியில் ஒன்று என இரண்டு ஒலிவாங்கிகள். எதிரெதிர்ப் பக்கங்களில் இருப்பதால் ஒன்றின் அலை மற்றதை விழுங்கிவிடாமல் ஒன்றைத் தலைகீழாகத் திருப்ப வேண்டும். வெளியே மழை ஈரம், உள்ளே குளிரூட்டி. மிருதங்க வித்துவான் வந்தவுடன் சுருதி சேர்த்தார், முக்கால் மணிநேரத்தில் அது மாறிவிட்டது. வாத்தியத்துக்கும் மண்டபத்துக்குப் பழக நேரம் வேண்டும். நாதஸ்வரத்துக்கும் தவிலுக்கும் மேடைப் பெட்டிகளில் ஒலியே கொடுக்கவில்லை. மாடிக்கு மட்டும் சிறிதளவு அனுப்பினார். நாதஸ்வரத்தின் முன் பெரிய ஒலிவாங்கியை நிறுத்தி ஊரையே செவிடாக்கும் திருவிழாக்களை நினைத்துக்கொண்டேன்.

ஒலிச் சோதனைக்குப் பாடகிக்குக் கிடைத்தது பதினைந்து நிமிடம். அவர் பாடப் பாட, எந்தச் சுருதியில் கூவல் எழுகிறதோ அதை மட்டும், ஒலியைத் தாழ்விலிருந்து உயர்வுவரை 31 பட்டைகளாகப் பிரிக்கும் கருவியில் தேடிக் குறைத்தார் என் மாணவர். இன்னும் அரைமணி இருந்திருந்தால் பாடகி தன் குரலைத் தானே கேட்பதற்கான காலடி ஒலிபெருக்கியையும் செம்மைப்படுத்தியிருக்கலாம் என்று அவர் வருந்தினார். அதற்குள் கதவைத் திறந்துவிட்டார்கள்.

நிகழ்ச்சி 6.35க்குத் தொடங்கியது. முதல் இரண்டு பாட்டும் சற்றுக் கூர்மையாகக் கேட்டன. சபை நிறைந்ததும் ஆட்களின் உடையும் உடம்பும் உயர்ந்த ஒலிகளை உள்வாங்கிக்கொள்ள, மூன்றாவது பாட்டிலிருந்து அருமையாக அமைந்தது. ஏற்பாட்டாளரின் உறவினர் ஒருவர் மேசைக்கு வந்து, பாட்டுக் கேட்கவில்லை, சத்தத்தைக் கூட்டும்படி சொன்னார். என் மாணவர் தலையசைத்துவிட்டு, கீபோர்டையும், ஒக்டபாட் என்ற மின்தாளக் கருவியையும் சிறிது குறைத்தார். அந்த மனிதர் திரும்பிப் பார்த்து, இப்போது சரி என்று கைகாட்டினார். "கூட்டுறது லேசு ரீச்சர், எதைக் குறைக்கிறது எண்டு தெரியிறதுதான் கஷ்டம்" என்றார் என் மாணவர்.

மேசையில் ஒலிமானி ஒன்று இருந்தது. 92 டெசிபலுக்கும் 95 டெசிபலுக்கும் இடையே அசைந்தது. 85 டெசிபலை 8 மணிநேரம் தாங்கும் காது, ஒவ்வொரு 3 டெசிபல் கூடும்போதும் அதில் பாதி நேரந்தான் தாங்கும். 94இல் ஒரு மணிநேரம், 100இல் கால் மணிநேரம். உலக சுகாதார நிறுவனம் 2022இல் வெளியிட்ட அளவுகோல், அரங்குகளில் கால் மணிநேரச் சராசரி 100 டெசிபலைத் தாண்டக்கூடாது என்கிறது. வாரத்தில் மூன்று நான்கு இரவு இப்படி நிற்பவருக்குக் காதுதான் முதல். அவர் இடைவேளைகளில் வெளியே போய் மழைச் சத்தத்தில் நின்றுவிட்டு வந்தார்.

8 மணியளவில் இடி இடித்தது. மண்டபத்து விளக்குகள் அணைந்தன. அதே நிமிடத்தில் எங்கள் மின்பிறப்பாக்கியும் நின்றுபோனது. மழைநீர் அதன் இணைப்புப் பெட்டிக்குள் இறங்கியிருந்ததைப் பிறகுதான் கண்டார்கள். கலவை மேசையும், மேடையில் ஒலிவாங்கிக் கம்பிகளெல்லாம் வந்துசேரும் உள்ளீட்டுப் பெட்டியும் மின்கலத் தாங்கியில் இருந்தன, ஆகவே அவை உயிரோடு இருந்தன. ஒலிபெருக்கிகள் மட்டும் ஊமையாகின. என் மாணவர் செய்த முதற்காரியம் மேசையில் ஒலியளவைக் கூட்டிக் குறைக்கும் வெளியீட்டு நெம்பிகள் அனைத்தையும் கீழே இழுத்ததுதான். மின்சாரம் திரும்பும் கணத்தில் திறந்திருக்கும் ஒலிவாங்கிகளெல்லாம் ஒரேயடியாக முழங்கினால் ஒலிபெருக்கிகளும் காதுகளும் கெடும். பாடகி பாட்டை நிறுத்தவில்லை. வயலினும் மிருதங்கமும் அடங்கி அவரோடு வந்தன. எண்ணூறு பேர் கொள்ளும் மண்டபத்தில் கைத்தொலைபேசி வெளிச்சத்தில் ஒரு முழுப் பாட்டும், அதன் பின் சிறிய ஆலாபனையும் வெறுங்குரலில் நடந்தன. பின்வரிசைவரை கேட்டது. பையன்கள் மழையில் நனைந்து இணைப்புப் பெட்டியைத் துடைத்து மாற்றினார்கள். மின்சாரம் வந்தபோது அவர் நெம்பிகளை அங்குலம் அங்குலமாக உயர்த்தினார். குரல் எந்த இடத்தில் ஒலிபெருக்கிக்குள் நுழைந்தது என்பதை நான்கூடக் கண்டுபிடிக்கவில்லை. கைதட்டல் பாடகிக்குக் கிடைத்தது, அது அவருக்கு முற்றிலும் உரியது. மழையில் நின்ற பையன்களுக்கும் ஒருவராவது நன்றி சொல்லியிருக்கலாம்.

இரவு 10 மணிக்குப் பின் காலை 6 மணிவரை ஒலிபெருக்கிக்கு அனுமதி வழங்குவதை 2007இல் உச்ச நீதிமன்றம் கட்டுப்படுத்தியது. எங்கள் நிகழ்ச்சியும் கடிகாரத்தைப் பார்த்தே நடந்தது. 9.50க்கு மங்களம். கம்பிகளைச் சுருட்டி லொறியில் ஏற்றி முடிக்க நள்ளிரவு கடந்தது. எல்லோருமாகக் கொத்து ரொட்டிக் கடைக்குப் போனோம். கோழிக் கொத்து 1,100 ரூபா, எனக்கு மரக்கறிக் கொத்து 750. பையன்கள் ஒவ்வொருவருக்கும் 5,000 ரூபாவை என் மாணவர் தம் பணத்திலிருந்து அங்கேயே எண்ணிக் கொடுத்தார். ஏற்பாட்டாளர்கள் அவருக்குத் தந்திருந்தது முற்பணம் மட்டும். மீதிக்கு அடுத்த மாதக் காசோலை என்றார்கள். பாடகிக்கும் பக்கவாத்தியக்காரருக்கும் மேடையேறும் முன்பே முழுப் பணமும் கொடுக்கப்பட்டிருந்தது. அந்த மூன்று மணிநேரத்தைத் தாங்கிநின்றவர் ஒரு மாதம் காத்திருக்க வேண்டும் என்பதை என்னால் ஏற்க முடியவில்லை. அதை அந்த இடத்திலேயே ஏற்பாட்டாளரிடம் தொலைபேசியில் சொல்லவும் செய்தேன். வயதுக்கு மரியாதை கொடுத்துக் கேட்டுக்கொண்டார்.

ஒக்டோபர் 28, திங்கட்கிழமை: பதிவு

காலையில் தாழ்வான தெருக்களில் முழங்கால் தண்ணீர். மதிய வண்டிக்கு முன் ஒலிப்பதிவுக் கூடத்துக்கு ஒருமுறை போனேன். நேற்றைய நிகழ்ச்சியின் 32 தடங்களும் வன்தட்டில் பதிவாகியிருந்தன. மின்சாரம் போன நேரத்திலும் மேசைக்கும் உள்ளீட்டுப் பெட்டிக்கும் உயிர் இருந்ததால், சபைக்கு ஒலிபெருக்கியில் கேட்காத குரல் ஒலிவாங்கியில் முழுமையாக விழுந்திருந்தது. அத்துடன் சபையின் ஒலியைப் பிடிக்க வைத்த இரண்டு ஒலிவாங்கிகளும் வேலை செய்திருந்தன.

இதை எப்படிக் கலப்பது என்பதில் எங்களுக்குள் கருத்து வேறுபட்டது. பாடகியின் ஒலிவாங்கித் தடத்தை எடுத்து மற்றப் பாட்டுகளைப் போலவே செம்மைப்படுத்தினால், இடையில் எதுவும் நடக்காததுபோல் ஒரு சீரான இசைத்தொகுப்பு கிடைக்கும் என்றார் அவர். தயாரிப்பாளராக அவர் சொல்வதில் நியாயம் இருந்தது. நான் வேறாகக் கேட்டேன்: அந்த ஒரு பாட்டுக்குச் சபை ஒலிவாங்கிகளை மட்டும் வைத்து, மண்டபத்தில் இருந்தவர்களுக்கு எப்படிக் கேட்டதோ அப்படியே விடக்கூடாதா? தூரத்தில் குரல், மேலே மழை, இடையில் யாரோ இருமியது, எல்லாம் இருக்கட்டும். அவர் இரண்டையும் மாறி மாறிப் போட்டுப் பார்த்தார். சபைத் தடத்தில் மிருதங்கம் மங்கலாகவும் ஆலாபனை மிகத் தெளிவாகவும் இருந்தது. கடைசியில், பாட்டுக்குச் சபைத் தடத்தோடு பாடகியின் தடத்தையும் சொற்கள் விளங்கும் அளவுக்குச் சேர்ப்பதென்றும், ஆலாபனைக்குச் சபைத் தடம் மட்டும் போதுமென்றும் முடிவுசெய்து, மாதிரியைப் பாடகிக்கு அனுப்பினார். பதிவும் கலவையும் நேற்றைய உடன்பாட்டில் இல்லாதவை. அவற்றுக்குத் தனி விலைப்பட்டியல் ஒன்றைத் தயாரித்து, நேற்றைய மீதியைக் கொடுத்தபின் கோப்பு அனுப்பப்படும் என்று அதில் எழுதினார். அப்படியே எழுதும்படி நான்தான் வற்புறுத்தினேன்.

வண்டி குருநாகலைத் தாண்டியபோது அவரிடமிருந்து செய்தி வந்தது. பாடகி ஆலாபனையை அப்படியே வைக்கச் சொல்லிவிட்டார், இருமலையும் எடுக்க வேண்டாமாம். ஏற்பாட்டாளர்கள் மீதிப் பணத்தை வெள்ளிக்கிழமை வைப்பிலிடுவதாகச் சொல்லியிருக்கிறார்கள்.